காலியாகப் போன ஜன்னல் சீட்

இன்று காலை பாறசாலையிலிருந்து நெய்யாற்றின்கரை போகும் பஸ்ஸில் ஜன்னல் சீட் கிடைத்தது. அமரவிளையில் ஷைனி ஏறினாள்.

ரத்தப் புற்றுநோய்க்கு மருந்து எடுத்துக்கொண்டே காலேஜுக்குப் போகிறவள். பெரிய நோயோடு வாழும் இளைஞர்களைப் பற்றி நான் எடுத்த ஆவணப்படத்தில் முதலில் வருகிறவள் அவள்தான். போன மாதம் சர்ச்சில் திரையிட்டபோது பாதிப்பேர் அழுதார்கள். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

அவளைக் கண்டதும் எழுந்து, "இரி மக்கா" என்றேன்.

அவள் உட்காரவில்லை.

"நீங்களுமா அக்கா? படம் பாத்த பொறவு எல்லாரும் எழும்பித் தாறாவ. என் கூட்டுக்காரி ஜிஜிகூட ஜன்னல் சீட்டுக்கு இப்ப சண்டை போடமாட்டேங்கா. எனக்கு அதாக்கும் சங்கடம்."

அந்தச் சண்டையை நான் படம் பிடித்திருந்தேன். ஜிஜியின் பையை ரோட்டில் எறிவேன் என்று மிரட்டிவிட்டு இவளே விழுந்து விழுந்து சிரிப்பாள். படத்தின் சோகம் கெடும் என்று வெட்டிவிட்டேன். ஊசி போடுகிற காட்சியை இரண்டு தடவை வைத்தேன்.

நெய்யாற்றின்கரை வரை இரண்டு பேரும் நின்றே போனோம். அவ்வளவு நெரிசலிலும் அந்தச் சீட்டில் ஒருத்தரும் உட்காரவில்லை.

நெட்டில் நான் போட்ட படத்துக்குக் கீழே கைகூப்பி எமோஜி போட்டவர்களே, நாளைக் காலை அந்த பஸ்ஸில் யாராவது ஏறி ஜன்னல் சீட்டைப் பிடியுங்கள். ஷைனி சண்டைக்கு வந்தாலும் எழும்பாதீர்கள்.

ஆரு வாறிய?