விளக்குப் பிடித்த மாலை

இரண்டாயிரத்து நாலாம் ஆண்டு மார்கழி. ஊரிலிருந்து புதிதாக வந்திருந்த மனைவிக்கு, நாலு மணிக்கே இருட்டிவிட்ட ஒஸ்லோவைக் காட்டக் கூட்டிப் போனேன். கோட்டையைப் பார்த்துவிட்டு ஆற்றங்கரைக்கு வந்தபோது, தலையை மூடிய ஓர் உருவம் ஒரு கட்டடச் சுவரில் பெயின்டால் படம் வரைந்துகொண்டிருந்தது. களவாகச் சுவரைப் பழுதாக்குகிறது என்று எனக்குப் பொறுக்கவில்லை. மனைவியோடு தள்ளி நின்று பொலிசுக்குப் போன் செய்தேன்.

அந்த உருவத்தைக் கடக்கும்போது மனைவி, “வடிவாத்தானே கீறியிருக்கு” என்றாள்.

தமிழ் கேட்டு அது திரும்பியது. இருபது வயதுப் பெண்.

“அங்கிள், இந்த லைட்டைக் கொஞ்சம் பிடிக்கிறீங்களோ? கை விறைக்குது. கட்டடக்காரர்தான் கீறச் சொன்னவர்.”

பிடித்தேன். ஒவ்வொரு கார் வெளிச்சத்துக்கும் திரும்பிப் பார்த்தேன்.

பொலிஸ் வந்தது. அவள் அனுமதிக் கடிதத்தைக் காட்டினாள். வாசித்துவிட்டுப் போனார்கள்.

“ஆரோ தெரியாமல் சொல்லிப்போட்டினம். நல்ல காலம், நீங்கள் பக்கத்தில நிண்டனீங்கள்” என்றாள்.

மனைவி என்னைப் பார்த்தாள். படம் முடியும்வரை விளக்கைப் பிடித்தபடி நின்றேன்.

இத்தனை வருடங்களில் மனைவி நான் செய்த அந்தப் போனைப் பற்றி ஒரு வார்த்தை கேட்டதில்லை. கேட்டிருந்தால் எனக்கு எவ்வளவோ நிம்மதியாக இருந்திருக்கும்.