பஸ் திரும்ப விட்ட இடம்

பிள்ளைகளா, பெரியப்பா ஏன் நம் குவார்ட்டர்ஸ் பக்கமே வருவதில்லை என்று போன பொங்கலுக்குக் கேட்டீர்கள். அவருக்குக் கொல்லையில் வேலை இருக்கும் என்று மழுப்பினேன். அது பொய். காரணம் நான்தான்.

நீங்கள் பிறக்கும் முன்பு நான் சுரங்கத்தில் கான்ட்ராக்ட் ஆள். காடாம்புலியூர்ப் பக்கம் நம் ஊரிலிருந்து நிறையப் பேர் நெய்வேலிக்கு வேலைக்கு வந்துகொண்டிருந்தோம். ஷிப்டு பஸ் மெயின் ரோட்டோடு நின்றுவிடும். ஊருக்குள் வந்தால் திரும்ப இடமில்லை. வழியோரம் இருந்தது அண்ணன் கொல்லை. வேலிக்குக் கொஞ்சம் உள்ளே தள்ளி, வரிசையாக ஆறு பலாமரங்கள். அவர் வைத்து வளர்த்தவை. வேலியைப் பின்னுக்குத் தள்ளிப் போட்டால் பஸ் திரும்பிவிடும். நான்தான் போய்க் கேட்டேன்.

“உடறது பெருசில்லடா. பஸ்ஸு திரும்ப மட்டும்தான்னு எழுதி வாங்கிக்க. நாளைக்கு எவன் எதை இஸ்துகினு வருவானோ.”

“ஊருக்கு வழி உடறதுக்குப் பத்திரமாண்ணா? சிரிப்பாங்க.”

எங்கள் பக்கத்தில் அப்படித்தான். வழி விடுகிறவன் காகிதம் கேட்டால் கெட்ட பேர். அண்ணன் கடப்பாரையை எடுத்துக்கொண்டு வந்தார். முள்வேலி பஸ்ஸை உரசக்கூடாது என்று, மரங்களுக்கும் பின்னால் வேலியை நட்டோம். மரம் வெளியே நின்றால் என்ன, யாருடையது என்று ஊருக்குத் தெரியாதா?

அந்த வருஷ மழையில் பஸ் சேற்றில் மாட்டிக்கொண்டது. தார் போடச் சொல்லிப் பஞ்சாயத்துக்கு நான் மனு எழுதினேன். ‘வேலி வரையிலும் இது பொதுச்சாலை’ என்று அழுத்தி எழுதினால்தான் போடுவார்கள் என்று யாரோ சொன்னார்கள். அப்படியே எழுதினேன். அண்ணன் படிக்காமலே, நான் காட்டிய இடத்தில் கையெழுத்துப் போட்டார். தார் வந்தது. அப்புறம் எனக்குப் பர்மனென்ட் ஆகி, டவுன்ஷிப்புக்கு வந்துவிட்டேன்.

இரண்டு வருஷம் முன்பு அந்த ரோட்டோரமாகப் பெரிய மின்பாதை வருகிறது, ஆறு மரங்களையும் வெட்ட வேண்டும் என்று நோட்டீஸ் வந்தது. பண்ருட்டி மண்டிக்குப் போகிற அந்தப் பழங்களை நம்பித்தான் பெரியப்பா வீட்டில் அடுப்பு எரிந்தது. தன் நிலத்தில் தன் சம்மதம் இல்லாமல் கம்பி போகக்கூடாது என்று அவர் வழக்குப் போட்டார். நானும் லீவு போட்டுவிட்டுக் கடலூர் கோர்ட்டுக்குக் கூடப் போனேன்.

எதிர்த்தரப்பு வக்கீல் ஒரு காகிதத்தை அவரிடம் நீட்டினார். என் மனு.

“கீழ இருக்கறது உங்க கையெழுத்துதானே?”

“ஆமாங்க.”

“எழுதினது யாரு?”

தெரியாது என்று சொல்லியிருக்கலாம். அண்ணன் அதைக் கண்ணுக்கு அருகில் வைத்துப் பார்த்தார்.

“என் தம்பிங்க. நான்தான் படிக்க வெச்சேன். எழுத்து நல்லாருக்கு இல்லீங்க?”

இரண்டு பேர் சிரித்தார்கள். அவரும் சிரித்தார்.

அது பொதுச்சாலை, அதன் ஓரமாக மின்பாதை போக அண்ணன் சம்மதம் தேவையில்லை என்று தீர்ப்பு ஆனது. வெளியே பஸ் ஸ்டாண்டில், “அப்பவே எழுதி வாங்கியிருந்தா...” என்று ஆரம்பித்தேன்.

“எழுதாமலா உட்ட? போடா, நெய்வேலி பஸ்ஸு வந்துட்டுது பாரு.”

கடைசியாக அவர் என்னிடம் பேசியது அதுதான்.

யாருக்கும் வழி விடாதீர்கள் என்று சொல்ல இதை நான் எழுதவில்லை. பெரியப்பா மேல் எந்தத் தப்பும் இல்லை என்று உங்களுக்குத் தெரிய வேண்டும்.

காய் பிடித்திருந்த சமயத்திலேயே மரங்களை வெட்டினார்கள். அடுத்த ஞாயிற்றுக்கிழமை உங்கள் அம்மாவிடம்கூடச் சொல்லாமல் போனேன். அண்ணன் வீடு பூட்டியிருந்தது. ஆறு அடிமரங்களிலும் பால் வடிந்து ஈ மொய்த்துக்கொண்டிருந்தது. வெட்டிய இடம் காயாமல் இருந்தால் மறுபடி துளிர்க்கும் என்பார்கள். ரோட்டோரச் செம்மண்ணைக் குழாய்த் தண்ணீரில் குழைத்து ஒவ்வொன்றாக அப்பினேன். கடைசி மரத்துக்குக் குழைத்த மண் போதவில்லை. வேலிக்குள் கையை விட்டு, அண்ணன் கொல்லையிலிருந்து ஒரு பிடி அள்ளிக்கொண்டேன்.