டீக்கடைப் பலகையில் லைபீரியா

பாலக்கோடு சாலையில், எங்கள் ஊர்ப் பேருந்து நிறுத்தத்துக்கு எதிரே உள்ள டீக்கடை வாசலில் ஒரு கரும்பலகை இருக்கிறது. ஒரு பக்கம் டீ, காபி, போண்டா விலை. மறுபக்கம் போன ஆண்டு ஜூன் வரை காலியாகக் கிடந்தது. ஜூன் முதல் அதில் வாரத்துக்கு ஒன்றாக நான் எழுதி வருகிறேன். உலகத்தின் ஏதோ ஒரு நாட்டில், அன்றைய தேதியில், முன்பு எப்போதோ நடந்த ஒரு சங்கதி. இரண்டு வரி, மிஞ்சினால் மூன்று.

நான் அரசு அலுவலகம் ஒன்றின் பதிவறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். யார் எதைச் சொன்னாலும் "எந்தத் தேதியில்?" என்று கேட்கும் பழக்கம் அங்கே ஒட்டிக்கொண்டது. வீட்டில் அதற்கு மரியாதை கிடையாது. டீக்கடைக்கார அம்மாதான் பலகையைத் துடைத்துக் கொடுத்தார்.

"எழுதுங்க சார். நின்னு படிக்கிறவன் சும்மாவா போவான்? ஒரு போண்டாவாவது எடுப்பான்."

உலக வரலாற்றுக்கு இதைவிட நல்ல ஆதரவு எங்கள் ஊரில் அதுவரை கிடைத்ததில்லை.

ஒரு புத்தகத்தை மட்டும் நம்பி எழுதுவதில்லை என்பது என் விதி. சந்தேகம் இருந்தால் வரியின் கடைசியில் 'என்பார்கள்' சேர்த்துவிடுவேன். ஆனால் ஊருக்கென்று ஒரு விதி இருந்ததை நான் கணக்கில் எடுக்கவில்லை. எங்கள் பக்கத்தில் யாரும் யாரையும் நேராகத் திட்டுவதில்லை. பக்கத்து வீட்டுக்காரர் காதில் விழும்படி தங்கள் நாயை அதட்டுவார்கள். மருமகளுக்குச் சொல்ல வேண்டியதை ஆட்டுக்குட்டியிடம் சொல்வார்கள். இதற்குச் சாடை பேசுவது என்று பெயர். ஆகவே பொது இடத்தில் ஒரு வாக்கியத்தைப் பார்த்தால், அது உண்மையா என்று இங்கே யாரும் கேட்பதில்லை. யாரைச் சொல்கிறது என்றுதான் கேட்பார்கள்.

முதலில் மாட்டியது லிக்டன்ஸ்டைன். 1866 ஜூலையில் அந்தக் குட்டி நாடு தன் படையைக் கடைசியாகப் போருக்கு அனுப்பியது. போனவர்கள் எண்பது பேர், திரும்பியவர்கள் எண்பத்தொரு பேர் என்பார்கள். இதை எழுதிய வாரத்தில்தான், ஓசூர் கம்பெனிக்குத் தனியாக வேலைக்குப் போன மேலத்தெருப் பையன் மாலையும் கழுத்துமாக ஒரு பெண்ணோடு ஊர் திரும்பியிருக்கிறான். எனக்குத் தெரியாது. பலகை முன்னால் நின்றவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள்.

"சாரோட குசும்ப பாத்தியா? போனது ஒண்ணு, வந்தது ரெண்டுன்னு எவ்ளோ பதவிசா எழுதிட்டாரு!"

செப்டம்பர் 3 அன்று சுவீடன். 1967-இல் அந்த நாடு ஒரே இரவில் சாலையின் இடப்பக்கத்தை விட்டு வலப்பக்கத்துக்கு மாறியது. போக்குவரத்துச் செய்தி. ஆனால் எங்கள் ஊர்க் கட்சிக்காரர் ஒருவர் அதே வாரம் வேறு கட்சிக் கரை போட்ட துண்டுக்கு மாறியிருந்தார். அவர் அந்தப் பக்கமே வராமல், டீயைத் தூக்குவாளியில் வாங்கி வரச் சொல்லி வீட்டில் குடித்தார்.

டிசம்பர் 30 அன்று சமோவா. 2011-இல் அந்த நாட்டுக்கு டிசம்பர் 30 என்ற நாளே இல்லை. தேதிக்கோட்டின் மறுபக்கத்துக்குப் போவதற்காக ஒரு நாளை விட்டுத் தாண்டினார்கள். நூறு நாள் வேலைக்குப் போகும் பெண்கள் கூட்டமாக வந்து இதைப் படிக்கச் சொல்லிக் கேட்டார்கள்.

"வந்த நாளை வராத நாளா ஆக்குறது அங்கயும் இருக்குதா சாமி? கூலி குடுத்தாங்களா, இல்லையா?"

அந்தக் கேள்விக்கு மட்டும் உண்மையிலேயே புத்தகம் புரட்டினேன். வேலைக்காரர்களுக்கு அந்த நாளின் சம்பளத்தைக் கொடுக்கச் சொல்லியிருந்தார்கள். சொன்னதும் அவர்கள் முகத்தில் சமோவாவைப் பற்றி ஏற்பட்ட மதிப்பை வேறெந்த நாடும் எங்கள் ஊரில் பெறவில்லை.

இதுவரை சிரிப்புதான். இந்த ஆண்டு மே மாதம் வந்தது.

கடையின் வியாபாரத்தில் முக்கால்வாசி, தக்காளிக் கூடை ஏற்றிப் போகும் குட்டியானை என்ற சிறு சரக்கு வண்டிகளின் ஓட்டுநர்களால் நடப்பது. விடியலில் மண்டிக்குப் போகும் வழியில் வரிசையாக நிறுத்தி டீ குடிப்பார்கள். அவர்களுக்கு ஒரு சங்கம். மே 2 அன்று சங்கத் தேர்தல். பழைய தலைவரே ஜெயித்தார். மறுநாள் காலை நான் எழுதினேன்: "மே 3, 1927. லைபீரியாவில் அதிபர் தேர்தல். வாக்காளர்கள் சுமார் பதினைந்தாயிரம் பேர். வென்றவருக்கு விழுந்த வாக்கு இரண்டு லட்சத்துக்கும் மேல்."

அடுத்த நாள் விடியலில் ஒரு வண்டியும் நிற்கவில்லை. எல்லாம் ஆரன் அடித்துக்கொண்டே கடையைத் தாண்டிப் போய், பாலத்துக்கு அப்பால் இருக்கும் வேறு கடையில் நின்றன. அதற்கு அடுத்த நாளும் அப்படியே.

"லைபீரியாவுல எவன் ஜெயிச்சா எனக்கென்ன சார்?" என்றார் கடைக்கார அம்மா. "எனக்குப் பால் அத்தனையும் திரிஞ்சு போச்சு. இப்படியே போனா அடுப்பை அணைச்சிட்டு நானும் தக்காளி பறிக்கத்தான் போவணும்."

"அழிச்சிடட்டுமா?"

"அய்யோ, அழிச்சிடாதீங்க. அழிச்சா, அவரத்தான் சொன்னோம்னு ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிரும்."

நான் இரண்டு புத்தகங்களை எடுத்துக்கொண்டு தலைவர் வீட்டுக்குப் போனேன். நாற்காலி போட்டார், மோர் கொடுத்தார். மரியாதையில் ஒரு குறையும் இல்லை. பக்கத்தைத் திறந்து தேதியைக் காட்டினேன்.

"நான் லைபீரியா இல்லைன்னு சொல்லலீங்களே சார். இருக்கட்டும். நல்லா இருக்கட்டும். ஒலகத்துல எத்தினி நாடு இருக்குது, எத்தினி சேதி இருக்குது. நம்ம எலெக்சன் முடிஞ்ச மக்யா நாளுதான் இது உங்க கண்ணுல படணுமா?"

"அது நடந்ததே மே மூணுலதாங்க."

"அப்போ அவங்க நாலாந்தேதி வச்சிருக்கலாமில்ல?"

நான் பக்கத்தை மறுபடி பார்த்தேன். அவர் குரலைத் தாழ்த்தினார்.

"ரெண்டு மூணு ஓட்டு கூட விழுந்தது எண்ணும்போது ஆன தப்புங்க. பெட்டிய தொறந்து எண்ணுனவனுக்குக் கண்ணு சரியில்ல. அதப்போயி லட்சம்னு எழுதிட்டீங்களே."

அதுவரை எனக்குத் தெரியாத செய்தி அது. மோரைக் குடித்துவிட்டு, புத்தகங்களை மூடிக்கொண்டு வந்தேன். லைபீரியாவைப் பற்றி நான் கொண்டுபோன ஆதாரத்தைவிட அவரிடமிருந்து கொண்டுவந்த ஆதாரம் வலுவாக இருந்தது. ஆனால் கடைக்கு அதனால் ஒரு டீ கூட விற்காது.

நடந்ததைக் கடைக்கார அம்மாவிடம் சொன்னேன். அவர் வடிகட்டியை உதறிவிட்டு என் பக்கம் திரும்பினார்.

"நீங்க ஏன் சார் யாரையும் சொல்லலைன்னு சொன்னீங்க? யாரையும் சொல்லலைன்னா எவன் நம்புவான்?"

மறுநாள் கடைக்கார அம்மா, எதிரே பஸ் ஏற வந்த ஓட்டுநர் ஒருவரைக் கூப்பிட்டு, யாரிடமும் சொல்லக் கூடாது என்று சத்தியம் வாங்கிக்கொண்டு ஒரு ரகசியம் சொல்லியிருக்கிறார். பலகையில் எழுதியது நம் சங்கத்தை இல்லை. பக்கத்து ஊர் வண்டிக்காரர் சங்கத்தை. மண்டியில் யார் முதலில் கூடை இறக்குவது என்று இரண்டு சங்கங்களுக்கும் நித்தம் தகராறு. சாருக்கு அந்த ஊர்க்காரர்கள் மேல் ரொம்ப நாளாகக் கடுப்பு.

அடுத்த விடியலில் சாலையோரம் நெடுக வண்டிகள். தலைவர் நேராக என்னிடம் வந்து கையைப் பிடித்துக்கொண்டார்.

"மொதல்லயே சொல்லியிருக்கலாமில்ல சார்? அவனுங்க எலெக்சன்ல அத்தினியும் கள்ள ஓட்டுங்க. வெளிநாட்டுக்காரன் வரைக்கும் தெரிஞ்சிருக்குது!"

நான் திருத்துவதற்காக வாயைத் திறந்தேன். கடைக்கார அம்மா என் கையில் ஒரு டீ டம்ளரை வைத்தார்.

"சார் தன் வாயால சொல்ல மாட்டாரு. குடிங்க சார், ஆறிப்போவுது."

பாய்லரில் ஆவி வந்துகொண்டிருந்தது. பால் திரியவில்லை. பதினாறு ஓட்டுநர்கள் கைநீட்டிக்கொண்டு நின்றார்கள். பதிவறையில் வேலை பார்த்த காலத்தில் ஒரு தவறான குறிப்பைக் கண்டால் சிவப்பு மையால் அடிக்கோடு போட்டுவிட்டுத்தான் எழுந்திருப்பேன். அன்று டீயைக் குடித்தேன். நன்றாக இருந்தது.

அதன்பின் கவனமாகத் தேர்ந்தெடுக்க ஆரம்பித்தேன். தேர்தல் கூடாது, பக்கம் மாறுவது கூடாது, எண்ணிக்கை கூடாது. மே 20 அன்று யாருக்கும் கெடுதல் இல்லாத ஒன்றை எழுதினேன்: "2002. கிழக்குத் திமோர் விடுதலை அடைந்தது. இந்த நூற்றாண்டில் பிறந்த முதல் நாடு."

தலைவர் டம்ளரோடு வந்து பலகை முன் நின்றார். இரண்டு முறை படித்தார். கிழக்குப் பக்கம் திரும்பி, அங்கே தெரிந்த வீடுகளை ஒவ்வொன்றாகப் பார்த்தார். பிறகு என் பக்கம் சாய்ந்தார்.

"யார சார் சொல்றீங்க?"

"கிழக்குத் திமோரைங்க."

"சரி சரி, சொல்ல வேணாம்" என்று கண்ணடித்தார். "நானே கண்டுபுடிச்சுக்கறேன். அம்மா, எனக்கு இன்னொரு டீ."