பரோலில் வந்தவர் தேய்க்கக் கொடுத்த சட்டை

அன்று மட்டாஞ்சேரியில் என் தேய்ப்புக் கடையில் இருந்தது மூன்றே பேர்: நான், என் மனைவி, பரோலில் வந்திருந்த பக்கத்து வீட்டுக்காரர்.

உள்ளே வந்ததும் அவர் ஜெயில் பழக்கத்தில் விரலை நீட்டித் தலை எண்ணினார். “நாலு” என்றார். நான் திரும்பிப் பார்த்தேன். வேறு யாரும் இல்லை.

எனக்கு எதற்கெடுத்தாலும் பயம். சீக்காக் கிடந்த தாயைப் பார்க்க அவர் பரோல் கேட்டபோது, விசாரிக்க வந்த போலீஸிடம், “அவர் வந்தா பயந்தான் சாரே” என்று சொல்லிவிட்டேன். அதை வைத்தே பரோலை மறுத்தார்கள். அவர் ஹைகோர்ட்டுக்குப் போனார். அக்கம்பக்கத்தில் ஒருவன் வெறுமனே பயம் என்று சொன்னால் போதுமா என்று கேட்டு, ஜட்ஜி அந்த உத்தரவை ரத்து செய்தார். அதற்குள் தாய் போய்ச் சேர்ந்துவிட்டாள்.

ஒல்லியான மனிதர். கண் சிமிட்டுவதே இல்லை. கசங்கிய வெள்ளைச் சட்டையை என் மேஜையில் வைத்தார்.

“என்ன பயம் சேட்டா? கோர்ட்டில கேட்டாங்க, யாருக்கும் பதில் தெரியல்ல.”

நான் சட்டையை விரித்துத் தண்ணீர் தெளித்தேன். மனைவிதான், “இவருக்குப் பல்லியைக் கண்டாலும் பயம், அண்ணே” என்றாள்.

அவர் சிரித்தார். பிறகு காலியாகக் கிடந்த ஸ்டூலைப் பார்த்து, “கேட்டியா அம்மே, அவ்வளவுதான்” என்றார்.

தேய்த்த சட்டையைப் போட்டுக்கொண்டு, “காசு அடுத்த பரோலுக்கு வரும்போ தரேன்” என்று போனார்.

நேற்று போலீஸ் மறுபடி விசாரிக்க வந்தது. பயம் ஒன்றும் இல்லை என்று எழுதிக் கொடுத்தேன். ஏன் கொடுத்தேன் என்று எனக்கே தெரியவில்லை. இனி அவர் வருவார். தரவேண்டியது பதினைந்து ரூபாய்.