பழனாத்தாள் அனுப்பிய படம்

பொள்ளாச்சியை அடுத்த முதலமடைப் பக்கம் மாந்தோப்பைக் குத்தகைக்கு எடுக்கிற வியாபாரி தன் கண்ணை நம்பி விலை பேசமாட்டான். பூ உதிர்ந்து பிஞ்சு திரண்டதும் மதிப்புக்காரர் ஒருவரைக் கூட்டிவருவான். அவர் மரத்துக்கு மரம் நின்று அண்ணாந்து பார்த்து, இது இத்தனை பெட்டி இறங்கும் என்று சொல்வார். அந்த வாய்ச்சொல்லில்தான் தோப்பு கைமாறும். இருபது வருடமாக அந்த வேலையில் பெயரெடுத்தவர் குப்பண்ணன். பள்ளிக்கூடப் பக்கம் அதிகம் ஒதுங்காத மனுஷன்தான். ஆனால் அவர் சொன்ன கணக்கு பெரிதாகத் தப்பியதாக யாரும் குறை சொன்னதில்லை.

அவருக்கு இடது கண் தெரியாது. அது ஊரில் ஒருவருக்கும் தெரியாது.

ஒன்பது வருடத்துக்கு முன்னால் காய் பறிக்கும்போது மேலிருந்து காய்ந்த குச்சி ஒன்று விழுந்து குத்திவிட்டது. கோயமுத்தூரில் விழியைக் காப்பாற்றினார்கள், பார்வை போய்விட்டது. மேலுக்குப் பார்த்தால் ஒன்றும் தெரியாது. தூசி விழுந்து கண் வீங்கியதாக ஊருக்குச் சொல்லிச் சமாளித்தார்கள். மதிப்புக்காரனுக்கு ஒரு கண் இல்லையென்றால் யார் கூப்பிடுவார்கள்? அன்றிலிருந்து மனைவி பழனாத்தாள் தண்ணீர்ப் பாட்டிலும் கையுமாகக் கூடவே தோப்புக்குப் போனாள். எப்போதும் அவருக்கு இடப்பக்கம்தான் நிற்பாள். பெண்டாட்டி இல்லாமல் குப்பண்ணன் ஒரு மரம் பார்க்கமாட்டார் என்று ஊர் கேலி பேசியது. பேசிவிட்டுப் போகட்டும். அந்தப் பக்கம் வேறு ஆள் வந்து நிற்கக் கூடாது, அவ்வளவுதான் அவளுக்கு வேண்டியிருந்தது.

இப்படிக் கட்டிக் காத்தவளே கெடுத்தாள் என்பதுதான் வயிற்றெரிச்சல்.

திருப்பூரில் வேலைக்குப் போகும் மகள் யோகப்பிரியா போன தீபாவளிக்கு அம்மாவுக்குப் புதுப் போன் வாங்கிக் கொடுத்திருந்தாள். கை சும்மா இருக்குமா? கோழி, கோலம், குழம்பு, எல்லாவற்றையும் படம் பிடித்துத் தன் பிறந்த வீட்டு வாட்ஸ்அப் குழுவில் போட்டாள் பழனாத்தாள். தை மாதம் ஒரு காலையில் குப்பண்ணன் செந்தூர மாமரத்தடியில் நின்றார். இடது கையை இடுப்புக்குப் பின்னால் கொடுத்து, வயிற்றை முன்னே தள்ளி, கழுத்தைத் திருகி, வலது கையின் ஐந்து விரலையும் விரித்து வானத்துக்கு நீட்டியிருந்தார். ஒரு கண்ணால் கிளைகளை எண்ண அவர் பழகிக்கொண்ட நிலை அது. அன்றைக்கென்று அவளுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. நின்ற இடத்திலிருந்தே ஒரு படம் எடுத்து, ‘எங்கூட்டு மாப்பிள்ளை மரத்தோட சண்டைக்குப் போறாரு’ என்று எழுதி அனுப்பிவிட்டாள்.

அந்தக் குழுவில் அவளுடைய அண்ணன் மகன் சந்துருவும் இருந்தான். பொறியியல் படிக்கிறான், அதாவது பெரும்பாலும் போனில் விளையாடுகிறான். அப்போது பையன்களெல்லாம் விழுந்து விழுந்து ஆடிய விளையாட்டு ஒன்றில் கவசம் போட்ட வீரன் ஒருவன் வருவான். எதிரியைச் சாய்த்ததும் இடுப்பில் ஒரு கை, முன்னே தள்ளிய வயிறு, திருகின கழுத்து, வானத்துக்கு விரித்த விரல் என்று நிற்பான். யார் ஆரம்பித்ததோ, அதே மாதிரி நின்று படம் போடுவது பெரிய கூத்தாகிவிட்டது. விக்கெட் எடுத்தவன் அப்படி நின்றான், பரீட்சையில் தேறியவன் அப்படி நின்றான், கல்யாண மேடையில் மாப்பிள்ளையே நின்றான். அதுவும் சலித்துப்போய், விளையாட்டே தெரியாமல் தானாக அப்படி நிற்கிற ஆட்களைத் தேட ஆரம்பித்திருந்தார்கள். சந்துருவுக்குக் கும்பிடப் போன தெய்வம் குறுக்கே வந்த மாதிரி ஆனது. வீரனை ஒரு பக்கம், வேட்டியை மடித்துக்கட்டிய மாமாவை ஒரு பக்கம் ஒட்டிப் போட்டான்.

மூன்றே நாளில் குப்பண்ணன் பொள்ளாச்சி தாண்டி, கடல் தாண்டிப் போய்விட்டார். தமிழில், மலையாளத்தில், என்னவென்றே தெரியாத எழுத்துகளில் எல்லாம் அவர் படத்துக்குக் கீழே சிரித்திருந்தார்கள்.

“அத்தை, லட்சக்கணக்குல பாத்திருக்காங்க!” என்று சந்துரு போனில் கத்தினான்.

பழனாத்தாள் வாசலை ஒருமுறை எட்டிப் பார்த்துக் குரலைத் தாழ்த்தினாள். “நாந்தான் எடுத்தேன்னு ஆருகிட்டயும் சொல்லிப்போடாத சாமி” என்றாள்.

குப்பண்ணனிடம் இருந்தது பட்டன் போன். டீக்கடையில் பையன்கள் காட்டித்தான் பார்த்தார். கோபப்படுவார் என்று பயந்திருந்தாள். அவரோ முகமெல்லாம் பல்லாக வந்தார்.

“ஏம்புள்ள, அந்த வீரன் ஒரே அடியில பத்துப் பேரைச் சாய்ப்பானாமா. நானும் அவனும் ஒண்ணுங்கறானுக!”

டீக்கடை முன்னால் பையன்கள் கேட்கக் கேட்க அப்படியே நின்று காட்டியிருக்கிறார். அதைக் கேட்டதும் அவளுக்குக் கூசியது. இருந்தாலும், அவரே சந்தோஷப்படும்போது நமக்கென்ன என்று தன்னைத் தேற்றிக்கொண்டாள். நாம் எல்லோரும் செய்கிற வேலைதானே அது.

அந்த வீரனின் இடது கண்ணில் கறுப்புத் துணி கட்டியிருக்கும். எவனோ ஒருவன் அதைக் கவனித்து, ‘மாமாவுக்கும் இடது கண்ணு அவுட்டா?’ என்று விளையாட்டாகக் கேட்டான். இன்னொருவன் படத்தைப் பெரிதாக்கி முகத்தை மட்டும் வெட்டிப் போட்டான். வலது கண் வெயிலுக்குச் சுருங்கிக் கூர்ந்திருந்தது. இடது கண் கூசாமல் எங்கேயோ விழித்துக்கொண்டிருந்தது. ஒன்பது வருடம் யாரையும் நிற்க விடாத பக்கத்திலிருந்து அவளே எடுத்துக் கொடுத்த படம் அல்லவா, தெளிவாகத்தான் இருந்தது.

அடுத்த வாரம் பூபதிராஜா வந்தார். பொள்ளாச்சி வியாபாரி, பத்து வருடமாகக் குப்பண்ணன் சொல்லில்தான் தோப்பு எடுப்பவர். பழனாத்தாள் வீட்டில் மோர் கலக்கிக்கொண்டிருந்ததால் ஆண்கள் இருவரும் முன்னால் நடந்து வீட்டை ஒட்டிய தோப்புக்குள் போய்விட்டார்கள். சொம்போடு வெளியே வந்தவள் பார்த்தாள். குப்பண்ணன் அண்ணாந்து பிஞ்சைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தார். பூபதிராஜா இடப்பக்கம் நின்றுகொண்டு, அவருடைய கண்ணுக்கு ஒரு சாண் தள்ளி இரண்டு விரலை மெல்ல ஆட்டினார்.

“இந்த மரம் ஏமாத்தாதுங்க, கிழக்குக் கிளை பூராவும் புடிச்சிருக்குது” என்று குப்பண்ணன் சொல்லிக்கொண்டே போனார்.

பூபதிராஜா விரலை இன்னும் கிட்டக் கொண்டுபோய் ஆட்டினார். ஓடிப்போய் நடுவில் நின்றிருக்கலாம். ஏனுங்க என்று ஒரு குரல் கொடுத்திருந்தால்கூடப் போதும். பழனாத்தாள் இரண்டும் செய்யவில்லை. தன் புருஷனை ஊரான் ஒருவன் மாட்டைச் சோதிப்பது போலச் சோதிப்பதைச் சொம்பும் கையுமாகப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

பூபதிராஜா மரியாதையாக மோர் குடித்தார், மரியாதையாகப் போனார். மறுநாள் போன் வந்தது. “இந்த வருசம் நம்ம பையனே பாத்துக்கறானுங்கண்ணா. உங்களுக்குக் கண்ணுக்குச் சிரமம் வேண்டாம்.” அந்த வாரத்திலேயே இன்னும் இரண்டு வியாபாரிகள் அதையே வேறு வார்த்தையில் சொன்னார்கள்.

குப்பண்ணன் டீக்கடைக்குப் போவதை நிறுத்தினார். வீட்டு வாசலில் உட்கார்ந்து, படம் எடுத்தவன் யார் என்று யோசித்தார். அந்தப் படம் எடுத்த அன்றைக்குப் பக்கத்துத் தென்னந்தோப்பில் லாரிக்குத் தேங்காய் ஏற்றிக்கொண்டிருந்தவன் பொன்ராஜ். எந்நேரமும் போனை நோண்டுகிறவன். அவனாகத்தான் இருக்கும் என்று முடிவுகட்டினார். தோப்புக்காரர்களிடம் சொல்லி அவனை ஏற்றுக்கூலிக்குக் கூப்பிடாமல் செய்தார். பொன்ராஜ் நேரில் வந்து நின்றான்.

“எம் புள்ளைமேல சத்தியமா நான் எடுக்கலீங்கண்ணா. அக்கா, நீங்களாச்சும் சொல்லுங்க. நீங்களும் அங்கதான இருந்தீங்க?”

பழனாத்தாள் தலையைக் குனிந்து அரிசியில் கல் பொறுக்கினாள். அவன் போன பிறகும் அவளால் நிமிர முடியவில்லை. தன்மேல் அவளுக்கே அருவருப்பாக இருந்தது. ஒரு மத்தியானம் முழுக்க அப்படி இருந்துவிட்டு, முறத்தைக் கீழே வைத்தாள்.

“ஏனுங்க, பொன்ராஜ் எடுக்கலீங்க. நாந்தான் எடுத்தேன். எங்கண்ணனூட்டுக் குரூப்புல போட்டனுங்க. சந்துரு அதை எடுத்து ஊருக்கே உட்டுட்டான்.”

அவர் அவள் பக்கம் முழுதாகத் திரும்பிப் பார்த்தார். அடித்திருந்தால், நாலு வார்த்தை திட்டியிருந்தால் தாங்கியிருப்பாள்.

“எடுக்கறப்ப சிரிச்சயா?” என்று கேட்டார்.

இல்லை என்று சொல்ல நாக்கு எழுந்தது. பொன்ராஜ் வந்து நின்ற முகம் ஞாபகம் வந்தது.

“சிரிச்சனுங்க.”

அவள் கீழே வைத்த முறத்தை அவர் சுவரோரம் தள்ளி வைத்தார். பிறகு வேட்டியை உதறிக்கொண்டு எழுந்தார்.

“பொன்ராஜ் ஊட்டுக்கு நானே போயி மன்னிப்புக் கேட்டுட்டு வாறேன். ஆரு எடுத்ததுன்னு கேட்டான்னா, பேரன் பேத்தி வயசுல ஏதோ ஒண்ணு, தெரியாமப் பண்ணிப்போடுச்சுன்னு சொல்லிக்கறேன். நீ வாயைத் தொறக்காத. புருசனை வித்தவள்னு உன்னையும் படம் போட்டுச் சிரிப்பானுக.”

அவள் அழுதாள்.

“அழுவாத. பசிக்குது, சோத்தைப் போடு, தின்னுட்டுப் போறேன்” என்றார்.

பழனாத்தாள் எழுந்து போய்த் தட்டை எடுத்துச் சோறு போட்டாள். அவர் சாப்பிட்டு முடிக்கும்வரை அவளால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.