கிணற்றருகே வளைந்த கோடு

என் தங்கை வீட்டுக் கிணற்றுத் தண்ணீர் தித்திக்கும். என் வீட்டு போர்வெல் தண்ணீர் உப்புக் கரிக்கும். இரண்டுக்கும் நடுவில் ஒரு வரப்பும் நாற்பதடி தூரமும்தான். மரக்காணத்தில் உப்பளத்தை ஒட்டி நிலம் வைத்திருப்பவர்களுக்கு இது புதிதில்லை. ஓரிடத்தில் தோண்டினால் குடிக்கலாம், பத்துத் தப்படி தள்ளித் தோண்டினால் வாயில் வைக்க முடியாது.

நான் தையல்காரி. பள்ளிக்கூடச் சீருடைகள் தைத்து, அலசி, இஸ்திரி போட்டுக் கொடுப்பேன். என் தண்ணீரில் அலசிய வெள்ளைச் சட்டை காய்ந்ததும் அட்டை மாதிரி விறைத்து நிற்கும். கொஞ்ச நாளில் பழுப்பேறும். அந்தத் தண்ணீரில் பருப்பு வேகாது. தலைக்கு ஊற்றினால் சீப்பு இறங்காது. அதனால் தினமும் காலையில் இரண்டு குடங்களை எடுத்துக்கொண்டு வரப்பைத் தாண்டிப் போய், தங்கை வீட்டுப் பின்வாசலில் நின்று கேட்பேன்.

"தண்ணி எடுத்துக்கட்டுமா?"

"எடுத்துக்கோக்கா."

பல வருஷங்களாக இதே கேள்வி, இதே பதில். ஒரு நாள்கூட அவள் முடியாது என்று சொன்னதில்லை. அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை. ஒரே ஒரு தடவை முகம் சுளித்திருந்தால் நன்றாகச் சண்டை போட்டு மனசை ஆற்றிக்கொண்டிருப்பேன். அவளோ கையைத் துடைத்துக்கொண்டு சமையலறையிலிருந்து வெளியே வந்து, சிரித்த முகத்தோடு சொல்லுவாள். இரண்டு குடத்தையும் தூக்கிக்கொண்டு திரும்பும்போது எனக்கு வயிறு எரியும்.

எரிவதற்கு வேறு காரணங்களும் இருந்தன. அவள் வீடு மாடி வீடு. அவள் வீட்டுக்காரரைக் கூட்டிப்போக கம்பெனி வேன் வாசலுக்கே வரும். என் வீட்டுக்காரர் உப்பளத்தில் வெயிலில் நின்று உப்பு வாருகிறவர். சித்திரை, வைகாசியில் அவர் பாதங்களில் வெடிப்பு இல்லாத இடமே இருக்காது. அவள் கிணற்றடியில் கனகாம்பரம் போட்டிருந்தாள். பூ பறித்து பிரம்மதேசம் சந்தைக்குக் கொடுத்தனுப்புவாள். என் பக்கத்தில் கருவேலமரம்தான் வளர்ந்தது. எல்லாவற்றுக்கும் மேலே, எங்கள் அப்பா அவளைக் கல்யாணம் ஆகும்வரை "பாப்பா" என்றுதான் கூப்பிட்டார். என்னை, "ஏ பெரியவளே."

நிலம் அப்பாவுடையது. எண்பது சென்ட்டுக்குக் கொஞ்சம் குறைவு. மேற்கே ரோடு, கிழக்கே உப்பளம். எங்களுக்கு அண்ணன் தம்பி கிடையாது. கடைசிக் காலத்தில் அப்பா நிலத்தை இரண்டாக்கி வடபாதியை எனக்கும் தென்பாதியை அவளுக்கும் எழுதிவைத்தார். கிணறு வரப்புக்குத் தெற்கே நாலு தப்படி தள்ளி இருந்தது. ஆகவே அது அவளுடையது என்று நானும் எடுத்துக்கொண்டேன், ஊரும் எடுத்துக்கொண்டது. சர்வேயர் வந்து அளந்து உட்பிரிவு செய்த அன்று நான் ஊரில் இல்லை. என் வீட்டுக்காரர் உப்புப் பாத்தியில் வழுக்கி விழுந்து கால் முறிந்து பாண்டிச்சேரி ஆஸ்பத்திரியில் கிடந்தார். பத்து நாள் கழித்துத் திரும்பி வந்தபோது அப்பா, "அளந்தாச்சு, பட்டா தனித்தனியா வந்துடும்" என்றார். அவ்வளவுதான். அதிகம் பேசுகிற மனுஷர் இல்லை. அந்த மழைக்காலம் முடிவதற்குள் போய்ச் சேர்ந்துவிட்டார்.

போன வருஷம் அரசாங்க வீட்டுத் திட்டத்துக்கு மனு போட பட்டா நகல் தேவைப்பட்டது. இ-சேவை மையத்துக்குப் போனேன். அங்கே இருந்த பெண் பட்டாவை எடுத்துக் கொடுத்துவிட்டு, "எஃப்.எம்.பி.யும் கேப்பாங்க, எடுத்துடட்டுமா?" என்றாள். எனக்குப் புரியவில்லை. "நெலத்தோட படம்ங்க. கோடு போட்டு அளவு போட்டிருப்பாங்க" என்றாள். சரி என்றேன்.

பஸ்ஸில் உட்கார்ந்து அந்தப் படத்தைப் பிரித்துப் பார்த்தேன். துணியில் சாக்பீஸால் கோடு போட்டு வெட்டுகிறவள் நான். கோடு என்றால் என் கண் தானாகப் படிக்கும். எங்கள் நிலம் ஒரு நீள் சதுரம். நடுவே அதைப் பிரிக்கிற கோடு. ரோட்டுப் பக்கத்திலிருந்து நேராக வந்த அந்தக் கோடு பாதி வழியில் சட்டென்று ஒரு பக்கமாகத் திரும்பி, பெட்டி மாதிரி வளைந்து, மறுபடியும் பழைய இடத்துக்கு வந்து நேராகப் போயிற்று. ஒரு பாதியில் 2ஏ, இன்னொரு பாதியில் 2பி என்று பொடி எழுத்தில் எழுதியிருந்தது. ஒன்று பெரிதாகவும் ஒன்று சிறிதாகவும் இருந்தன.

எது பெரிதோ அது அவளுடையது என்று அந்த இடத்திலேயே முடிவு செய்துவிட்டேன். மடியில் இருந்த பட்டாவில் என் உட்பிரிவு எண் அச்சடித்து இருந்தது. அதைப் பார்க்க வேண்டும் என்று எனக்குத் தோன்றவேயில்லை. அப்பா கிணற்றையும் அவளுக்குக் கொடுத்து, அது போதாதென்று கோட்டை வளைத்து என் நிலத்திலும் ஒரு துண்டு வெட்டி அவளுக்குக் கொடுத்திருக்கிறார் என்று நினைத்தேன்.

வீட்டுக்குப் போனதும் என் வீட்டுக்காரரிடம் படத்தை நீட்டினேன். அவர் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"எனக்கு ஒண்ணும் வெளங்கல. உடு, போறது ஒரு துண்டு நெலம்."

"எனக்குத் துண்டு நெலம் முக்கியம் இல்ல. அவளுக்கு இன்னும் எவ்ளோ கொடுத்திருக்காருன்னு எனக்குத் தெரியணும்."

பணம் கட்டி, நிலத்தை அளந்து எல்லை காட்டும்படி மனு கொடுத்தேன். தங்கைக்கு நோட்டீஸ் போயிற்று. மறுநாளே அவள் அந்தக் காகிதத்தோடு என் வீட்டுக்கு வந்தாள்.

"இன்னாக்கா இது? அளக்கப் போறியா?"

"அளந்தா தப்பா?"

"தப்புன்னு யார் சொன்னா." அவள் முகம் வெளிறியிருந்தது. "இப்ப எதுக்குன்னு கேட்டேன்."

"உன்னுது உன்னுதா இருந்தா உனக்கு ஏன் பயம்?"

அவள் காகிதத்தை மடித்துக்கொண்டு போய்விட்டாள். திருடி மாட்டிக்கொண்டவள் முகம் அது என்று எனக்குள் ஒரு சந்தோஷம். அன்றிலிருந்து தண்ணீர் கேட்கப் போகவில்லை. என் பிள்ளைகளைச் சமாதானப்படுத்திக்கொண்டு கரிக்கிற தண்ணீரிலேயே சமைத்தேன்.

பங்குனி மாதம் ஒரு நாள் காலையில் சர்வேயர் வந்தார். சின்ன வயசுப் பெண், தலையில் தொப்பி. கூட கடப்பாரையோடு ஓர் உதவியாள். அந்தப் பெண் முதலில் எதையும் அளக்கவில்லை. பழைய எல்லைக் கற்களைத் தேடினாள். ரோட்டோரக் கல் புதருக்குள் கிடைத்தது. உப்பளத்துப் பக்கக் கல் சேற்றுக்குள் புதைந்திருந்தது. கடப்பாரை பட்டு டங்கென்று சத்தம் வந்தபிறகுதான் அவள் டேப்பைப் பிரித்தாள். இரண்டு கல்லுக்கும் நடுவே இழுத்து, படத்தைப் பார்த்து, எண்ணைச் சொல்லி, நடந்துகொண்டே வந்தவள் கிணற்றுக்கு நேராக நின்றாள்.

"இங்க நேர் கோடு இல்லம்மா. திரும்புது."

"தெரியும்" என்றேன். "என் பக்கம் திரும்பி என் நெலத்த எடுத்திருக்குது. அதுக்குத்தான் மனு போட்டேன்."

அவள் என்னைப் பார்த்தாள். "நீங்க 2ஏ தானே?"

அப்போதுதான் பட்டாவை எடுத்துப் பார்த்தேன். 2ஏ.

"அப்ப உங்க பக்கத்துலேருந்து அவங்க பக்கம் திரும்புதுமா. தெக்கால அஞ்சு மீட்டர் உள்ள போகுது. பத்து மீட்டர் நீளம்."

டேப் வரப்பைத் தாண்டித் தெற்கே போயிற்று. கனகாம்பரப் பாத்தியைத் தாண்டிற்று. கிணற்றைத் தாண்டி, தங்கை வீட்டுத் துவைக்கிற கல்லில் போய் முட்டி நின்றது. "மூலைக் கல் இங்கதான் இருக்கணும்" என்றாள் அந்தப் பெண். உதவியாளும் என் வீட்டுக்காரருமாகத் துவைக்கிற கல்லை நெம்பிப் புரட்டினார்கள். அடியில், மண்ணோடு மண்ணாக, எல்லைக் கல்லின் தலை தெரிந்தது. மேலே கோடு செதுக்கியிருந்தது.

நான் தங்கையைப் பார்த்தேன். அவள் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"கெணறு உங்களுதுமா" என்றாள் சர்வேயர். காகிதத்தில் ஏதோ குறித்துக்கொண்டே, "சும்மா இப்படி வளைக்க மாட்டாங்க. நெலத்துக்காரர் கேட்டிருந்தாதான் செய்வாங்க" என்றும் சொன்னாள். மற்ற மூலைகளில் புதுக் கல் நட்டு, எங்கள் இருவரிடமும் கையெழுத்து வாங்கிக்கொண்டு போனார்கள். என் வீட்டுக்காரரும் வேலைக்குக் கிளம்பினார். புரண்டு கிடந்த துவைக்கிற கல் பக்கத்தில் நானும் அவளும் மட்டும் நின்றோம்.

"உனக்குத் தெரியும்" என்றேன்.

"தெரியும். அன்னிக்கு டேப்பு புடிச்சதே நான்தான்." "அப்பாதான் வளைக்கச் சொன்னாரு. சின்னவ எப்படியும் பொழச்சிக்குவா, பெரியவளுக்கு இந்தத் தண்ணிய உட்டா வேற வழி இல்லன்னு சொன்னாரு. அவ வந்ததும் நீயே சொல்லிடுன்னாரு."

"ஏன் சொல்லல?"

"எப்படி சொல்லுவேன்? எனக்கு வவுறு எரிஞ்சிதுக்கா!" இப்போது கத்தினாள். "உன்னத்தான் பன்னண்டாவது வரைக்கும் படிக்க வெச்சாரு. உனக்குத்தான் தையல் மிஷினு வாங்கிக் குடுத்தாரு. என்னை பாப்பா பாப்பான்னு கூப்புட்டாரே, வேற இன்னா குடுத்தாரு? கெணறும் உனக்கா? அவரு போனதும் கல்லு மேல கல்லப் போட்டேன். நீ குடத்த எடுத்துகினு வந்து வாசல்ல நிப்ப பாரு, அப்பதான் உனக்குக் குடுக்கறதுக்கு எங்கிட்டயும் ஒண்ணு இருக்குதுன்னு இருக்கும். நல்லா இருந்துச்சிக்கா. பொய் சொல்ல மாட்டேன்."

இந்த இடத்தில் என் மனசு இளகியது என்று எழுத ஆசைதான். இளகவில்லை. அவள் என்னைப் பார்த்துப் பொறாமைப்பட்டாள் என்பதைக் கேட்டபோது எனக்கு வயிறு குளிர்ந்தது. மாடி வீட்டுக்காரி, கம்பெனிக்காரர் பெண்டாட்டி, என்னைப் பார்த்து! அந்த வாரமே அந்தக் கற்களைப் பிடித்துக் கிணற்றைச் சுற்றி அவள் பக்கமெல்லாம் கம்பி வேலி போட்டேன். அவள் பின்வாசலைத் திறந்தால் கம்பிதான் எதிரே நிற்கும்.

அவள் வந்து கேட்பாள் என்று காத்திருந்தேன். அவளுடைய குரலிலேயே "எடுத்துக்கோ" என்று சொல்லப் பழகி வைத்திருந்தேன். அவள் வரவில்லை. எப்போதாவது தண்ணீர் வருகிற தெருக்குழாயில் வரிசையில் நின்று பிடித்தாள். குடிக்க கேன் தண்ணீர் வாங்கினாள். வெயில் ஏற ஏற, வேலிக்கு அந்தப் பக்கம் மிச்சமிருந்த கனகாம்பரம் காய்ந்து சுருண்டது. மிஷினில் உட்கார்ந்தபடி தினமும் அதைப் பார்த்தேன். பார்க்கப் பிடித்திருந்தது.

சித்திரைக் கடைசியில் அவள் வீட்டுக்கு போர் போடுகிற லாரி வந்தது. தென்கோடியில், கிணற்றுக்கு எவ்வளவு தள்ளிப் போக முடியுமோ அவ்வளவு தள்ளி நிறுத்தினார்கள். காலையில் தொடங்கிய சத்தம் சாயங்காலம் வரை நிற்கவில்லை. அன்று ஒரு சட்டைகூட நான் தைக்கவில்லை. உப்பாக வரவேண்டும் என்று வேண்டிக்கொண்டிருந்தேன். சாமி பெயரைச் சொல்லியே வேண்டினேன்.

தண்ணீர் பீச்சியடித்தது. தங்கை இரண்டு கையாலும் ஏந்திக் குடித்தாள். குடித்ததை அப்படியே துப்பினாள். பக்கத்தில் நின்றவர்கள் ஒருவர் பின் ஒருவராகத் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்து முகத்தைச் சுளித்தார்கள். என் வேண்டுதல் பலித்துவிட்டது. அவள் முந்தானையால் நாக்கைத் துடைத்துக்கொண்டு அங்கேயே குந்திவிட்டாள். என் வீட்டில் போர் போட்ட அன்று நானும் இப்படித்தான், இதே மாதிரி முந்தானையால் நாக்கைத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அந்தக் கசப்பு எப்படி இருக்கும் என்று ஊரிலேயே எனக்குத்தான் நன்றாகத் தெரியும். எழுந்து உள்ளே போய்விட்டேன். வேண்டியது கிடைத்த பிறகும் சோறு இறங்கவில்லை.

மறுநாள் என் வீட்டுக்காரரிடம் கட்டிங் பிளேயர் கேட்டேன். எதற்கு என்று அவர் கேட்கவில்லை. அவள் பின்வாசலுக்கு நேராக ஓர் ஆள் நுழைகிற அளவு கம்பியை வெட்டி மடக்கினேன். சத்தம் கேட்டு அவள் வெளியே வந்தாள்.

"கல்லு என்னுது. கெணறு என்னுது" என்றேன். "தண்ணி எடுத்துக்கோ. கேக்காத. கேட்டா எனக்குக் கோவம் வரும்."

"கேக்க மாட்டேன்" என்றாள். அன்று சாயங்காலம் குடத்தோடு வந்தாள். கேட்கவில்லை. நான் மிஷினை நிறுத்தவில்லை.

இப்போது ஒரு வருஷம் ஆகிறது. கனகாம்பரத்துக்கு ஓஸ் பைப் போட்டிருக்கிறாள், அதற்கும் கேட்கவில்லை. எங்களுக்குள் பேச்சு உண்டு. கோயிலுக்கு ஒன்றாகப் போகிறோம். எரிச்சல் ஓய்ந்துவிட்டது என்று ஊரில் நினைக்கிறார்கள்.

ஓயவில்லை. அது வேறு இடத்துக்குப் போயிருக்கிறது. அப்பா எனக்காகக் கோட்டை வளைத்தார், சரி. ஆனால் அதை ஏன் செய்கிறேன் என்பதை அவளிடம்தான் சொன்னார். நான் ஆஸ்பத்திரியில் கஞ்சி ஆற்றிக்கொண்டிருந்த அந்த நாள் முழுக்க, வெயிலில் டேப்பின் ஒரு முனையைப் பிடித்துக்கொண்டு அவள் அவரோடு இருந்திருக்கிறாள். என்னைப் பற்றி அவர் பேசியதைக் கேட்டிருக்கிறாள்.

போன வாரம் அவள் தண்ணீர் சேந்திக்கொண்டிருந்தபோது கேட்டேன். "அன்னிக்கு அப்பா என்னைப் பத்தி வேற இன்னா சொன்னாரு?"

கயிற்றை நிறுத்தி யோசித்தாள். "அவ்ளோதான்க்கா. உனக்குத்தான் தெரியுமே, அவரு எங்க பேசினாரு."

இருக்கலாம். எனக்கு நம்பிக்கை இல்லை. அவள் குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு போவதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். இன்னும் ஏதோ ஒன்றை வைத்துக்கொண்டு தர மறுக்கிறாள் என்றுதான் பட்டது.