சைவக்காரன் எண்ணிய மீன்கள்

நான் மீன் சாப்பிட மாட்டேன். அதன் வாடையே எனக்கு ஆகாது. அப்படிப்பட்ட நான் கடலில் எவ்வளவு மீன் இருக்கிறது என்று கணக்கிடும் மென்பொருளுக்குச் சம்பளமில்லாமல் நிரல் எழுதினேன் என்றால், அதற்குச் சிங்கப்பூரின் தெம்பனிஸில் இருந்த என் அலுவலகம்தான் காரணம். காப்பீட்டு விவரங்களை ஒரு கணினியிலிருந்து இன்னொரு கணினிக்கு நகர்த்தும் வேலை. மூளை துருப்பிடிக்கத் தொடங்கிய நேரத்தில் இணையத்தில் இது கண்ணில் பட்டது. நிரலை யார் வேண்டுமானாலும் படிக்கலாம், திருத்தலாம். வலையில் சிக்கிய மீன்களின் நீளத்தையும் வயதையும் கொடுத்தால், கடலில் மிச்சம் எவ்வளவு, இந்த வருடம் எவ்வளவு பிடிக்கலாம் என்று ஓர் உத்தேசம் சொல்லும்.

"தொடவே மாட்டீங்க, அதோட வயசு மட்டும் எதுக்கு?" என்றாள் மனைவி.

திட்டத்தை மேய்த்துக்கொண்டிருந்தவர் தன் முகத்துக்குப் பதில் ஒரு களவா மீனின் படத்தை வைத்திருந்தார். ஆங்கிலம் கறாராக இருக்கும். நார்வேக்காரக் கிழவர் என்று நானாகவே முடிவு செய்துகொண்டேன்.

நிரலில் ஓரிடத்தில், குறிப்பிட்ட வயதைத் தாண்டிய மீன்களையெல்லாம் ஒரே கூடையில் கொட்டியிருந்தார்கள். சுத்தச் சோம்பேறித்தனம் என்று நினைத்து, ஒவ்வொரு வயதுக்கும் தனி இடம் ஒதுக்கித் திருத்தி அனுப்பினேன். களவா நிராகரித்தது. மறுபடி அனுப்பினேன். முதலில் மீனைப் பற்றிப் படித்துவிட்டு வரச் சொன்னது. வந்த ஆத்திரத்தில், கணினி கண்டுகொள்ளாத குறிப்பு வரியில், ‘இத எழுதின மடையன் யாருடா?’ என்று தமிழிலேயே எழுதினேன். அழித்துவிட்டு அனுப்புவதாகத்தான் எண்ணம். அழிக்கவில்லை.

பதிலும் தமிழில் வந்தது: "மடையன் இல்லீங்க, மடச்சி. ஜொகூர்ல இருக்கேன்."

நார்வே, மலேசியாவுக்குப் போகும் உட்லண்ட்ஸ் பாலத்துக்கு அந்தப் பக்கம் வந்து உட்கார்ந்துவிட்டது. கூசிப்போய் மன்னிப்புக் கேட்டேன். லிட்டில் இந்தியாவில் மீன்தலைக் கறி வாங்கிக் கொடுத்தால் யோசிப்பதாகச் சொன்னார்.

யாரைத் திட்டினேன் என்று பார்ப்பதற்காகவே மனைவியும் கிளம்பி வந்தாள். வந்தவர் மீன்வள ஆராய்ச்சியாளர், என்னைவிடச் சில வயது இளையவர். நான் சாம்பார் சாதத்தைப் பிசைந்தபடி சுவரைப் பார்த்துக்கொண்டிருக்க, இருவரும் பள்ளித் தோழிகள்போலத் தலையை எலும்பு வரை காலி செய்தார்கள். பிறகு அவர் கரண்டிக் காம்பால் மண்டையைப் பிளந்து, உள்ளேயிருந்து ஒரு வெள்ளைக் கல்லைத் தோண்டியெடுத்து என் இலைக்குப் பக்கத்தில் வைத்தார். நான் இலையை நகர்த்திக்கொண்டேன்.

"காதுக்குள்ள இருக்குற கல்லுண்ணே. மரம் மாதிரி வருஷத்துக்கு ஒரு வளையம். வெட்டி மைக்ராஸ்கோப்ல வச்சு எண்ணுவோம். கிழட்டு மீனுக்கு ஓரத்துல வளையமெல்லாம் ஒட்டிக்கிடும். நான் ஒரு வயசு சொல்வேன், பக்கத்து சீட்டுக்காரர் வேற சொல்வார். தெரியாத வயச எப்படித் தனித்தனியா போடறது? அதான் ஒரே கூடை லா."

நான் அவ்வளவு அழகாக அடுக்கிவைத்தது யாருக்கும் தெரியாத வயதுகளை. தோற்றுப்போனது உறுத்தியது. ஆனாலும் விடாமல், கூடை எந்த வயதில் தொடங்கும் என்பதை ஏன் நிரலுக்குள்ளேயே புதைத்துவைத்தார் என்று கேட்டேன். எல்லா மீனும் ஒரே மாதிரியா கிழடாகிறது? பயன்படுத்துபவரே அதை முடிவு செய்யலாமே.

அவர் கரண்டியைக் கீழே வைத்தார்.

"அது சோம்பேறித்தனம்தான்," என்றார்.

அந்தத் திருத்தத்தை எழுதி அனுப்பினேன். களவா உடனே ஏற்றுக்கொண்டது. சில மாதங்கள் கழித்து, ஏதோ ஒரு தீவிலிருந்து ஓர் அதிகாரி, தங்கள் கடல் மீனுக்கு இப்போதுதான் கணக்கு பொருந்துவதாக எழுதியிருந்தார். அதைப் படித்தபோது எனக்கு ஏற்பட்ட பெருமிதத்தைக் காப்பீட்டு நிறுவனம் எந்தக் காலத்திலும் தந்ததில்லை.

இப்போதெல்லாம் அவர் எல்லை தாண்டி வந்தால் என்னைத் தேடுவதில்லை. மனைவியும் அவருமாகத் தேக்கா சந்தைக்குப் போய், ஒவ்வொரு மீனையும் புரட்டிப் போட்டு விவாதிக்கிறார்கள். பின்னால் நிற்பவர்கள் முணுமுணுக்கிறார்கள்.